ஆற்றுச் சத்தம் கேட்ட ரெலிபோன்

போன வெள்ளிக்கிழமை சுப்பர்மார்க்கெட்டில் வரிசையில் நிற்கிறேன். காலடியில் ஒரு வாளி நிறையச் செவ்வந்தி. மஞ்சள் செவ்வந்தி, பிளாஸ்டிக் தாளில் சுற்றி, அடியில் தண்ணீர் சொட்டச் சொட்ட. வீட்டில் சாமிப்படத்துக்கு வைக்க ஒரு பூவும் இல்லையே என்று கை தானாகப் போய் ஒரு கட்டை எடுத்துவிட்டது. பிறகுதான் அந்த மணம் வந்தது. செவ்வந்திக்கு ரோசாவைப் போல வாசம் கிடையாது, தெரியும்தானே. கொஞ்சம் கசப்பு, கொஞ்சம் பச்சிலை, கோயில் வீதியில் முதல்நாள் பூவைக் கூட்டி ஒதுக்கும்போது வருமே, அந்த மணம். எடுத்த கட்டைத் திரும்ப வாளிக்குள் வைத்துவிட்டு, பக்கத்தில் கிடந்த அரைவாசி வாடின ரோசாவை எடுத்தேன். பின்னால் நின்ற டொச்சு அம்மா, ஜேர்மன்காரி, என்னை ஒரு மாதிரிப் பார்த்தா. பார்க்கட்டும்.

என் மகள் இதைக் கண்டால் சிரிப்பாள். செவ்வந்தியோடு உங்களுக்கு என்ன கோபம் என்று கேட்பாள். கோபம் ஒன்றும் இல்லை, பயம்தான். அந்தப் பயம் வந்த கதையை அவளுக்கு முழுதாகச் சொன்னதில்லை. உங்களுக்குச் சொல்லுகிறேன். நான் கதை சொன்னால் நாலு தெரு சுற்றித்தான் வீட்டுக்கு வருவேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

அந்தக் காலத்தில் ஜேர்மனியில் எங்கள் ஹம் பட்டணத்து ஸ்டேஷனுக்குப் பின்பக்கத் தெருவில் ராசன் அண்ணையின் கடை இருந்தது. வாசலில் அரிசி மூட்டைகள், வியாழக்கிழமை வந்து இறங்கும் முருங்கைக்காய், கறிவேப்பிலை, ஒரு மூலையில் தமிழ்ப் படக் கொப்பிகள், காசுப்பெட்டிக்குப் பின்னால் தோரணம் மாதிரித் தொங்கும் ரெலிபோன் கார்ட்டுகள். கடையின் உள்பக்கச் சுவரோரம் நாலு கண்ணாடிக் கூடுகள். ஒவ்வொன்றுக்குள்ளும் ஒரு ரெலிபோன், ஒரு கதிரை, ஒரு குப்பைக் கூடை. ஊருக்குக் கதைக்க வருகிறவர்கள் நம்பரைத் துண்டில் எழுதித் தருவார்கள். நான் அதைக் கொம்பியூட்டரில் அடித்து, "ரெண்டாம் கூட்டுக்குப் போங்கோ" என்பேன். அதுதான் என் வேலை. ராசன் அண்ணை என்னவோ காய்கறி விற்கத்தான் என்னைச் சேர்த்தார், ஆனால் முருங்கைக்காயைவிட நம்பர்தான் எனக்குக் கைவந்தது. ஒருதரம் அடித்த நம்பர் மறக்காது. கடையில் விட்ட குடையைத்தான் மறப்பேன்.

கண்ணாடிக் கூடு பேருக்குத்தான் கூடு. தூர தேசம் என்றால் பலத்துக் கதைக்கவேணும் என்று எங்கள் சனத்துக்கு ஒரு நினைப்பு. ஆகையால் எந்த வீட்டில் சம்பந்தம் பொருந்தியது, எந்த வீட்டில் குழம்பியது என்று எல்லாம் எனக்கு அத்துபடி. வெளியில் சொன்னதில்லை. என் மனுசனுக்கு மட்டும் சொல்லுவேன், அவர் கேட்டுக்கொண்டே நித்திரையாகிவிடுவார்.

காசுப்பெட்டிக்குப் பக்கத்தில் ஒரு சிவப்பு ரெலிபோன் இருந்தது. அது கடை நம்பர். அறை மாறி அறை மாறி இருக்கிறவர்கள், வந்து புதிசு, வீட்டில் ரெலிபோன் இல்லாதவர்கள் எல்லாரும் ஊரில் அந்த நம்பரைத்தான் கொடுத்திருந்தார்கள். அவசரம் என்றால் அதற்குக் கோல் எடுப்பார்கள், நாங்கள் ஆளைத் தேடிப் பிடித்துச் சொல்லுவோம். என் தம்பியிடமும் அந்த நம்பர்தான் இருந்தது. அவன் ஊரில், வன்னியில். நாங்கள் இரண்டு தரம் வீடு மாறியதில் வீட்டு நம்பரும் இரண்டு தரம் மாறிவிட்டது. "கடை நம்பர் ஒண்டு போதும் அக்கா, பாடமாக்கிட்டன்" என்றான். இரண்டு கிழமைக்கு ஒருக்கால், புதன்கிழமை, எடுப்பான்.

லியு அண்ணையும் தன்னுடைய ஊரில் அந்த நம்பரைக் கொடுத்திருந்தார் என்பதை இப்போதே சொல்லிவிடுகிறேன்.

லியு அண்ணை இரண்டு தெரு தள்ளி இருந்த சீனச் சாப்பாட்டுக் கடையில் சமையல்காரர். மதியச் சாப்பாடு முடிந்து பின்னேரச் சாப்பாட்டுக்குக் கடை திறக்கும்வரை அவர்களுக்குப் பவுசே, அதாவது இடைவேளை. அந்த நேரத்தில், மூன்று மணி அடிக்கும்போது, வெள்ளைச் சட்டையோடு இஞ்சியும் பொரித்த எண்ணெயும் மணக்க மணக்க வந்து நிற்பார். நாற்பத்தைந்து வயதிருக்கும். மெலிந்த ஆள். சிரித்தால் கண் காணாது. மூன்றாம் கூடுதான் வேணும். நாலாம் கூடு சும்மா கிடந்தாலும் அதற்குள் போகமாட்டார், மூன்றில் இருக்கிற எங்கள் ஆள் சம்பந்தம் பேசி முடிக்கும்வரை நின்றுகொண்டே இருப்பார். நாலாம் கூட்டு ரெலிபோன் பழுதோ என்று ராசன் அண்ணை ஒருநாள் கழற்றிப் பார்த்தார். பிறகுதான் தெரிந்தது, சீனச் சனத்துக்கு நாலு ஆகாது. எட்டென்றால் உயிர். ராசன் அண்ணைக்கோ எட்டு ஆகாது, சனியன் பிடித்த நம்பர் என்பார். இரண்டாயிரத்து எட்டாம் ஆண்டு பிறந்தபோது இரண்டு பேரும் கடை வாசலில் நின்று அதைப் பற்றி வாதாடினார்கள். இந்த வருசம் அருமையான வருசம் என்று லியு அண்ணை அடித்துச் சொன்னார்.

நாங்கள் கதைத்தது டொச்சில்தான். அவருடைய டொச்சும் என்னுடைய டொச்சும் ஒரே மாதிரி நொண்டி. அதனால்தான் ஒருவரை ஒருவர் நல்லாய் விளங்கினது. அதை நான் எங்கள் தமிழிலேயே சொல்லிக்கொண்டு போகிறேன்.

அவருடைய ஊர் சீனாவில் மலைகளுக்கு நடுவே ஒரு சின்னப் பட்டணம். பெயரை எத்தனையோ தரம் சொல்லித் தந்தார், என் நாக்கு ஒருநாளும் வளையவில்லை. ஆறு ஒன்று வளைந்து ஓடும் இடத்தில், மலையோடு ஒட்டிக்கொண்டு, ஒரே ஒரு பெரிய தெரு. அந்தத் தெருவில் மனைவி யூலான் ஒரு நூடில்ஸ் கடை வைத்திருந்தா. யூலானின் தங்கச்சியும் கூட நின்று வேலை செய்தா. பிள்ளைகள் இல்லை. இங்கே மூன்று மணி என்றால் அங்கே கோடையில் இரவு ஒன்பது. கடை பூட்டி, பானை சட்டி கழுவி வைத்துவிட்டு யூலான் ரெலிபோனுக்குப் பக்கத்தில் இருப்பா. மணி அடித்ததும் எடுத்து முதலாவதாக ஒரே ஒரு கேள்வி கேட்பா. இவரும் அதையே திருப்பிக் கேட்பார். எனக்கு அது "சிலோமே" என்று கேட்கும். ஆறு வருசம், கிழமைக்கு நாலைந்து நாள், கதவைச் சாத்தும் முன்னம் முதல் சொல் அதுதான். ஒருநாள் பொறுக்க முடியாமல் கேட்டேன். சாப்பிட்டியோ என்று கேட்கிறதாம். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. எங்கள் சனமும் இந்தக் கூட்டுக்குள் போய் முதலாவதாகக் கேட்பது அதைத்தானே.

இன்னொரு நாள் கூட்டுக்குள் இருந்து கையைக் காட்டிக் கூப்பிட்டார். ரிசீவரை என் காதில் வைத்து, கதைக்காதீங்கோ, கேளுங்கோ என்றார். முதலில் இரைச்சல் மாதிரி இருந்தது. லைன் சரியில்லை என்று நினைத்தேன். இல்லை, ஆறு. கடையின் பின்கதவைத் திறந்து யூலான் ரிசீவரை வெளியே நீட்டிக்கொண்டு நின்றிருக்கிறா. ஹம் பட்டணத்தில், அரிசி மூட்டைக்கும் படக் கொப்பிக்கும் நடுவில், நான் சீனாவில் ஓடுகிற ஒரு ஆற்றைக் கேட்டேன். ஒவ்வொரு தரமும் கதைத்து முடித்துவிட்டு அவர் ஒரு நிமிடம் பேசாமல் ரிசீவரைப் பிடித்துக்கொண்டு இருந்தது எதற்கு என்று அன்றைக்குத்தான் தெரிந்தது.

அந்த அருமையான வருசத்து மே மாதத்தில், ஒரு திங்கட்கிழமை காலையில், ரேடியோவில் சீனாவில் நிலநடுக்கம் என்றார்கள். நிலநடுக்கத்துக்கு டொச்சில் என்ன சொல் என்று சுனாமிக்குப் பிறகு எங்கள் ஆட்களில் தெரியாதவர் இல்லை. பதினொரு மணிக்கே லியு அண்ணை கடைக்குள் வந்தார், இடுப்பில் கட்டின துணியோடு. துண்டில் நம்பரைப் பாதி எழுதி, வெட்டிவிட்டுத் திரும்ப எழுதினார். நான் மனத்தில் இருந்தபடியே அடித்தேன். மூன்றாம் கூடு. மணி அடிக்கவில்லை. ஒரு பெண்குரல் சீன மொழியில் ஏதோ சொன்னது. திரும்ப அடித்தேன். திரும்பவும் அதே குரல். அந்த மனுசி என்ன சொல்லுறா என்று கேட்டேன். இந்த நம்பர் இப்போது கிடைக்காது என்று சொல்லுகிறாவாம். மிச்சம் மரியாதையாகச் சொல்லுகிறாவாம்.

செவ்வாய், புதன், வியாழன். மூன்று மணிக்கு வருவார், நான் அடிப்பேன், அந்த மரியாதைக்காரக் குரல் வரும். கடையில் எந்நேரமும் ஓடுகிற தமிழ் ரிவியை நிறுத்தி ராசன் அண்ணை டொச்சுச் செய்தியைப் போட்டுவிட்டார். எட்டைப் பற்றி அவர் வாய் திறக்கவில்லை. புதன்கிழமை மேலே இருந்து எடுத்த படம் ஒன்று காட்டினார்கள். மலையின் ஒரு பக்கம் சீவி எடுத்த மாதிரி இறங்கிக் கிடந்தது. லியு அண்ணை ரிவிக்குக் கிட்டப் போய், ஆறு வளைகிற இடத்துக்குப் பக்கத்தில் விரலை வைத்தார். விரல் வைத்த இடத்தில் சாம்பல் நிற மண்தான் இருந்தது. ராசன் அண்ணை ரிவியை நிற்பாட்டினார். லியு அண்ணை திரும்பப் போட்டார்.

முதலாளி லீவு கொடுத்தும் அவர் வேலைக்குப் போனார். லீவில் நின்று என்ன செய்ய, அறையில் இருந்து சுவரைப் பார்க்கிறதோ என்று கேட்டார். அழவும் இல்லை. அதுதான் எனக்குப் பெரிய யோசனை.

எங்கள் சனத்துக்கு ஒரு பழக்கம் உண்டு. செய்வதற்கு ஒன்றும் இல்லாத இடத்தில் ஒரு அர்ச்சனை செய்துவிடுவோம். வெள்ளிக்கிழமை காலை நான் குளித்து, சந்தன நிறச் சேலை உடுத்து, பஸ் எடுத்துக் கோயிலுக்குப் போனேன். ஐயர் பெயர் கேட்டார். யூலான் என்றேன். நட்சத்திரம்? தெரியாது. கோத்திரம்? "ஐயா, அவ சீனா" என்றேன். ஐயர் ஒரு கணம் என்னைப் பார்த்தார். பிறகு ஒன்றும் கேட்காமல் உள்ளே திரும்பி, சமஸ்கிருதத்துக்கு நடுவில் யூலான் என்ற பெயரை மூன்று தரம் சுத்தமாகச் சொன்னார். என்னைவிட நல்ல உச்சரிப்பு. எனக்கு அங்கேயே கண் கலங்கிவிட்டது. தட்டில் வீபூதி, குங்குமம், பாதித் தேங்காய், ஒரு வாழைப்பழம், அம்மன் பாதத்தில் இருந்து எடுத்த பெரிய மஞ்சள் செவ்வந்திப் பூக்கள் ஏழெட்டு. சிந்தாமல் சிதறாமல் மடியில் வைத்துக்கொண்டு பஸ்ஸில் வந்தேன்.

மூன்று மணிக்கு லியு அண்ணை உள்ளே வந்தபோது நான் தட்டோடு எழும்பி நின்றேன். கோயில் பிரசாதம் என்பதால் ராசன் அண்ணையும் கதிரையை விட்டு எழும்பினார். கடையில் நின்ற இரண்டு மூன்று பேரும் கதையை நிறுத்திக்கொண்டார்கள். நான் முகத்தைப் பக்தியாக வைத்துக்கொண்டு, இரண்டு கையாலும் தட்டை நீட்டினேன்.

அவர் பூவைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். என் சேலையைப் பார்த்தார். இரண்டு கையாலும் தட்டை வாங்கி, எனக்குத் தலை குனிந்தார். ராசன் அண்ணைக்கும் குனிந்தார். அரிசி மூட்டையில் கொஞ்ச நேரம் இருந்தார், தட்டை மடியில் வைத்துக்கொண்டு. பிறகு எழும்பி, நன்றி என்று சொல்லிவிட்டு, தட்டோடு வெளியே போய்விட்டார். மூன்றாம் கூட்டுப் பக்கம் திரும்பியும் பார்க்கவில்லை.

நான் என்ன சொன்னேன் தெரியுமா? ராசன் அண்ணையிடம் திரும்பி, "பாத்தியளோ, மனசு ஆறிட்டுது" என்றேன். என்னுடைய மூளையை நீங்கள்தான் மெச்சவேணும்.

பத்து நிமிடம் போயிருக்காது. சிவப்பு ரெலிபோன் அடித்தது. எடுத்தால் ஒரே கரகரப்பு, அதற்குள் ஒரு பெண்குரல், தூரத்தில். நாலைந்து வசனம் சீன மொழியில் வேகமாக வந்தது. லியு, லியு என்று இரண்டு தரம் கேட்டது. பதற்றத்தில் எனக்கு டொச்சு மறந்துபோய்விட்டது. "அவர் இப்பதான் போறார், வையாதீங்கோ, நான் கூட்டிக்கொண்டு வாறன்" என்று தமிழில் கத்துகிறேன், சீனப் பெண்ணிடம். லைன் அறுந்துவிட்டது.

கடையைப் போட்டது போட்டபடி, சேலையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு ஓடினேன். சாப்பாட்டுக் கடையின் பின்கதவு திறந்திருந்தது. உள்ளே குசினியில் லியு அண்ணை ஒரு பெட்டியைக் கவிழ்த்து அதில் இருந்தார். அவரோடு வேலை செய்கிற இரண்டு பேர் பக்கத்தில். ஒருவர் குசினித் துணியைக் கிழித்து அவர் கையில் வெள்ளையாகக் கட்டிவிட்டிருந்தார். ஒரு கோப்பை நிறைய அரிசி, அதில் மூன்று ஊதுபத்தி எரிந்தது. கோப்பைக்கு முன்னால் என் செவ்வந்திகளை வரிசையாக வைத்திருந்தார்கள். லியு அண்ணை அழுதுகொண்டிருந்தார், சின்னப் பிள்ளை மாதிரி, வாயைத் திறந்து.

அங்கே நின்றபோதுதான் எனக்கு விளங்கியது. அவர்களில் ஒருவர் நல்ல டொச்சில் கேட்டார், செய்தி எப்போது வந்தது, யார் எடுத்துச் சொன்னது என்று. அவர்கள் ஊரில் மஞ்சள் செவ்வந்தி செத்தவர்களுக்கு வைக்கிற பூ. வேறு ஒன்றுக்கும் வைப்பதில்லை. கடை நம்பர் யூலானிடம் இருந்தது அவருக்குத் தெரியும். அந்த நம்பருக்குச் செய்தி வந்துவிட்டது, வாயால் சொல்ல மனம் வராமல் இந்த மனுசி பூவைத் தருகிறா என்று அவர் நினைத்துவிட்டார். என் வெளிறின சேலை ஒரு பக்கம், நாங்கள் எல்லாரும் எழும்பி வேறு நின்றோமே.

எனக்கு நிலம் பிளந்தால் நல்லது என்று இருந்தது. செய்தி ஒன்றும் வரவில்லை, இது கோயில் பூ, உயிரோடு இருக்கவேணும் என்று வைத்த பூ என்று திக்கித் திக்கிச் சொன்னேன். இப்போதுதான் யாரோ ஒரு பெண் எடுத்தா என்றேன். யார் என்று கேட்டார்கள். தெரியாது. என்ன சொன்னா? எனக்குச் சீன மொழி தெரியாதே. லியு அண்ணை தலையை ஆட்டிக்கொண்டே கீழே பார்த்தார். சொந்தக்காரர் யாராவது இருக்கும், செய்தி சொல்ல எடுத்திருப்பினம் என்றார்.

அப்போதுதான் எனக்கு நினைவு வந்தது. அந்தக் குரல் எடுத்தவுடனே சொன்ன முதல் சொல்.

"சிலோமே" என்றேன்.

லியு அண்ணை நிமிர்ந்தார். "திருப்பிச் சொல்லுங்கோ" என்றார். சொன்னேன். "இன்னொருக்கா." சொன்னேன். என் உச்சரிப்புக்கு மற்ற நேரம் என்றால் விழுந்து விழுந்து சிரிப்பார். அவர் எழும்பி என் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டார். "அவள்தான்," என்றார். "வேற ஆர் இந்த நேரத்தில சாப்பிட்டியோ எண்டு கேப்பினம்?"

கையில் கட்டின துக்கத் துணியை அவரே பல்லால் கடித்து அவிழ்த்தார். அடுத்த நாள் காலையில் இருந்தே சிவப்பு ரெலிபோனுக்குப் பக்கத்தில் அரிசி மூட்டையில் வந்து இருந்தார். மூன்று மணி தாண்டிச் சரியாக ஐந்து நிமிடத்தில் அடித்தது. கூட்டுக்குள் போகவில்லை, அங்கேயே நின்று கதைத்தார். கடை நிறையச் சனம், ஒருவருக்கும் ஒரு சொல் விளங்கவில்லை, எல்லாரும் மூக்கைச் சிந்திக்கொண்டு நின்றார்கள்.

நடந்தது இதுதான். அன்றைக்கு மத்தியானச் சனம் போனபிறகு யூலான் பானைகளைத் தூக்கிக்கொண்டு ஆற்றுப் படிக்கட்டுக்கு இறங்கியிருக்கிறா. தங்கச்சி கடைக்குள். யூலான் திரும்பிப் பார்க்கும்போது தெரு இல்லை. ஐந்தாம் நாள் கூடார முகாமில் யாரோ ஒருவருடைய கைபேசியைக் கடன் வாங்கி, கடைச் சுவரில் எழுதி வைத்து மனப்பாடமாக்கிய நம்பரை அடித்திருக்கிறா. இங்கே மூன்று மணி ஆகட்டும், அவர் அங்கே இருப்பார் என்று காத்திருந்து அடித்திருக்கிறா. அந்த ஒருநாள்தான் அவர் இல்லை, என் புண்ணியத்தில்.

நான் மன்னிப்புக் கேட்டேன். ஒருதரம் இல்லை, காணும் போதெல்லாம் கேட்டேன். கடைசியில் அவர் அலுத்துப்போய்ச் சொன்னார்: "அஞ்சு நாளா அழ ஏலாமல் இருந்தது. உங்கட பூவாலதான் அழுதன். விடுங்கோ." அவர்கள் முறைப்படி துக்கம் ஏழு கிழமை முடிந்த அன்று அவராகவே என்னிடம் மஞ்சள் செவ்வந்தி வாங்கி வரச் சொன்னார். யூலானின் தங்கச்சிக்கு. பவுசேயில் இரண்டு பேருமாக லிப்பே ஆற்றங்கரைக்குப் போய் ஒவ்வொன்றாக விட்டோம். இந்த ஆறு எங்கே போகும் என்று கேட்டார். ரைன் ஆற்றுக்கு என்றேன். அதற்குப் பிறகு? கடலுக்கு. அது போதும் என்றார்.

அடுத்த மே மாதம் எங்களுடைய முறை, வன்னியில் சண்டையின் கடைசி நாட்கள். அதை நீட்டிச் சொல்ல எனக்கு ஏலாது. நாலு கூட்டுக்குள்ளும் எங்கள் சனம், ஒருவருக்கும் லைன் கிடைக்கவில்லை. தம்பி எடுக்கிற புதன்கிழமை வந்தது, போனது. அடுத்ததும் போனது. லியு அண்ணை மூன்று மணிக்கு வருவார். கூடு வேண்டாம் என்பார். யூலானுக்கு அப்போது தகரக் கொட்டிலில் ஒரு கைபேசி கிடைத்திருந்தது, வேறு நேரத்தில் கதைக்கலாம் என்பார். ஒரு டப்பாவை என் முன்னால் வைப்பார். சூடான நூடில்ஸ். பூ இல்லை, ஆறுதல் இல்லை, கடவுள் பார்ப்பார் என்ற கதை இல்லை. எங்கள் சனம் கூட்டுக்குள் கேட்பதைக் கேட்டுக் கேட்டுப் படித்த தமிழில், "சாப்பிட்டீங்களோ?" என்பார். நான் இல்லை என்பேன். முடிக்கும்வரை பக்கத்தில் நிற்பார். அந்த மாதம் நான் உயிரோடு இருந்தது அந்த டப்பாவால்தான். தம்பி எடுக்கவில்லை. அந்தப் புதனும் இல்லை, பிறகு வந்த எந்தப் புதனும் இல்லை.

அவருடைய ஊரைத் திரும்பக் கட்டினார்கள். பழைய இடத்தில் இல்லை, ஆற்றோடு கீழே இறங்கித் தட்டையான ஒரு வெளியில். தூரத்துப் பணக்கார மாகாணம் ஒன்று பொறுப்பெடுத்து இரண்டு வருசத்துக்குள் கட்டி முடித்ததாம். நாங்கள் எல்லாரும் கூடி நின்று அவர் கொண்டுவந்த படங்களைப் பார்த்தோம். வெள்ளைச் சுவர், கூரைக்குக் கீழே மரச் செதுக்கல், அகலமான தெரு, பெரிய தூண் வைத்த பள்ளிக்கூடம், தெரு முழுக்கப் புதுமரங்கள், விழாமல் இருக்க ஒவ்வொன்றுக்கும் மூன்று தடி முட்டுக் கொடுத்திருந்தது. எனக்கு ஒரு கணம் பொறாமையாக இருந்தது. ஒளிக்காமல் சொல்லுகிறேன். அவர்களுக்கு யாரோ கட்டிக் கொடுக்கிறார்கள் என்று மனத்துக்குள் புகைந்தது. பழைய பட்டணத்தை அப்படியே விட்டு, சுற்றி வேலி போட்டு, ஆட்கள் பஸ்ஸில் வந்து பார்க்க விட்டிருக்கிறார்கள் என்று லியு அண்ணை சொன்னார். யூலான் தன் கடை இருந்த இடத்தைப் பார்க்கவும் அந்த வரிசையில் நின்றுதான் போகவேணுமாம். அதைக் கேட்டதும் பொறாமை போய்விட்டது.

புது வீடு மாடி வீடு. நாலாம் மாடி. அதைச் சொல்லி அவரே சிரித்தார். வீட்டுக்கு ரெலிபோன் போட்ட அன்று, பழைய முறைப்படி மூன்றாம் கூட்டில் இருந்துதான் கதைப்பேன் என்று வந்தார். புது நம்பரை அடித்தேன். உள்ளே போனார். சிலோமே கேட்டது. கதைத்தார், சிரித்தார். முடித்துவிட்டு வழக்கம்போல ரிசீவரைப் பிடித்துக்கொண்டு பேசாமல் இருந்தார். ஒரு நிமிடம், இரண்டு நிமிடம். வெளியே வந்து, "ஆறு கேக்கேல்லை" என்றார். ஆறு கிட்டத்தான் ஓடுகிறதாம், புது யன்னல் இரட்டைக் கண்ணாடியாம், நல்ல தரமாம். யன்னலைத் திறக்கச் சொல்லுங்கோ என்றேன். திறந்துதான் பிடிச்சவள் என்றார்.

அந்தக் குளிர்காலமே அவர் ஊருக்குப் போய்விட்டார். போறன் என்று சொல்லக்கூடாது, போட்டு வாறன் என்று சொல்லுங்கோ என்று சொல்லிக் கொடுத்தேன், அப்படியே சொல்லிவிட்டுப் போனார். வரவில்லை. ஒரு படம் மட்டும் தபாலில் வந்தது. புதுத் தெருவில் புது நூடில்ஸ் கடை, வாசலில் அவரும் யூலானும். யூலானை அன்றைக்குத்தான் முதன்முதல் பார்த்தேன், குண்டான, கோபக்காரி மாதிரி ஒரு மனுசி. பின்னால் வெள்ளைச் சுவரில் பென்சிலால் எழுதின நம்பர்கள் சில தெரிந்தன. கண்ணாடி போட்டுப் பார்த்தேன். முதலாவது எங்கள் கடை நம்பர்.

கார்ட் சுரண்டிக் கதைக்கிற காலம் போனதும் ராசன் அண்ணைக்குக் கடை ஓடவில்லை. பூட்ட யோசித்தபோது நான் ஒன்றே ஒன்று கேட்டேன், அந்தச் சிவப்பு ரெலிபோனை மட்டும் கொஞ்ச நாள் வைத்திருங்கோ என்று. ஏன் என்று அவர் கேட்கவில்லை. கூடுகளைக் கழற்றி, தட்டுகளைக் கழற்றி, வெறும் கடைக்குள் அந்த ரெலிபோனோடு இன்னும் ஒரு வருசம் வாடகை கட்டினார். அவர் கண்ணை மூடினபிறகு பிள்ளைகள் அதைச் செய்ய முடியாதுதானே. இப்போது அது நகத்துக்கு நிறம் பூசுகிற இடம். மூன்றாம் கூடு இருந்த இடத்தில் ஒரு வியட்நாம் பிள்ளை முகமூடி போட்டுக்கொண்டு குனிந்திருக்கிறாள். தம்பியின் படம் எங்கள் வீட்டுச் சுவரில் இருக்கிறது. மாலை போடவில்லை, ஒரு பூவும் வைக்கவில்லை. வீட்டுக்குள் செவ்வந்தி வந்தால் எங்கே கை தவறி அந்தப் பக்கம் போய்விடுமோ என்றுதான் வாங்குவதில்லை.

போன வெள்ளி, ரோசாவோடு வீட்டுக்கு வந்து, சேலைத் தலைப்பில் கையைத் துடைத்துவிட்டு, கைபேசியில் கடை நம்பரை அடித்துப் பார்த்தேன். மணி மூன்று. மணி அடிக்கவில்லை. ஒரு பெண்குரல், இந்த நம்பர் பாவனையில் இல்லை என்று சொன்னது. மிச்சம் மரியாதையாகத்தான் சொன்னது. டொச்சில் சொன்னது. தம்பிக்கு டொச்சு தெரியாது.